திரை என்று சொல்கிறவன்

1938 ஏப்ரல் 4, திங்கள்

இசிடோர் ஃபெல்ட் ஒரு கொலைகாரன்.

நேற்றுக் காலை, ஸ்டூடியோவுக்குப் பின்னால் இருக்கும் குளத்தில், கம்பெனி மொத்தமும் கரையில் நின்று பார்த்துக்கொண்டிருக்க, ராஜபார்ட் பொன்னுரங்கத்தைக் கொன்றார். கத்தி இல்லை, துப்பாக்கி இல்லை. கேமராவை நிறுத்தவில்லை. அவ்வளவுதான்.

'மகுடபங்கம்' படத்தில் பொன்னுரங்கம் அரசன். பகைவர்கள் அவனைக் கொன்று குளத்தில் தள்ளிவிடுகிறார்கள். பிணம் படிக்கட்டோரம் குப்புறக் கிடக்கிறது. இளவரசி மேல்படியில் உட்கார்ந்து பாடுகிறாள். பாட்டில் முதலடி முடிந்ததும் காட்சியை நிறுத்த வேண்டும். நிற்கவில்லை. அவள் பல்லவியை முடித்து அநுபல்லவிக்குப் போனாள். புதருக்குப் பின்னால் ஆர்மோனியக்காரர் உற்சாகமாகத் தொடர்ந்தார். பொன்னுரங்கம் அசையவில்லை. என்ன நடிப்பு என்று எல்லாரும் வாயைப் பிளந்துகொண்டு நின்றார்கள்.

முழங்கால் அளவுத் தண்ணீர். எழுந்து நின்றிருந்தால் போதும்.

ஏன் எழவில்லை என்று வெளியாள் கேட்பான். நாடகக் கம்பெனிக்காரனைத் தெரியாதவன் கேட்கிற கேள்வி அது. பொன்னுரங்கம் ஏழு வயதில் கம்பெனிக்குப் போனவன். மேடையில் செத்துக் கிடந்தபோது கொசு கடித்து ஒருமுறை காலை அசைத்தான் என்று வாத்தியார் அடித்த பிரம்படி, முதுகில் இன்னும் இருந்தது. நேற்றுக் குளிப்பாட்டும்போது பார்த்தேன். திரை விழும்வரை செத்தவன் செத்தவன்தான். அதுதான் அவர்கள் வேதம்.

படப்பிடிப்பின் முதல் நாள் ஃபெல்ட் "கட்! கட்!" என்று தொண்டை கிழியக் கத்தினார். போர்க்களத்தில் செத்துக் கிடந்தவர்களில் ஒருவர்கூட எழவில்லை. ஃபெல்டின் ஆங்கிலத்தைத் தமிழாக்குவதற்காக என்னை வைத்திருந்தார்கள். நான் ஒலிகுழாயை எடுத்து "திரை!" என்றேன். உடனே அத்தனை பிணங்களும் எழுந்து தூசியைத் தட்டின. அன்றிலிருந்து அதுவே முறை. ஃபெல்ட் துரை கேமராவுக்குப் பின்னால் நின்று இடது கையை உயர்த்தியிருப்பார். கையை இறக்கினால் நான் "திரை" என்பேன்.

நேற்று அவர் கையை இறக்கவில்லை. நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்.

சட்டை முழுக்கச் சேறு. இரண்டு தடவை துவைத்தும் போகவில்லை.

ஏப்ரல் 5

ஃபெல்ட் எந்த வேலையையும் இன்னொருவனுக்கு விடமாட்டார். டைரக்ஷன் அவர், கேமரா அவர். செட்டுக்கு வண்ணம் அடிப்பது அவர். சணலைச் சாயத்தில் நனைத்து தாடி ஒட்டுவார். கதாநாயகிக்குப் புருவம் வரைவார். ரசாயனத் தொட்டியில் பிலிமைக் கழுவுவார், காய வைப்பார், வெட்டுவார், ஒட்டுவார். வியன்னாவில் ஊமைப் படங்களில் கோமாளியாகவும் நடித்தாராம், கூரைமேலிருந்து குதித்தாராம். எட்டுக் கையுள்ள மனிதர் என்று முதலாளி பெருமையடிப்பார். எட்டுக் கைக்கு ஒரே சம்பளம், அதனால்தான் அந்தப் பெருமை.

நாடகக்காரர்களுக்கு அவர் "பெல்ட் துரை". அவர் பெல்ட்டே போடுவதில்லை, கால்சட்டையைத் தாங்கத் தோள்வார்தான். "பேருலதான் பெல்ட்டு, இடுப்புல காணோமே" என்று பொன்னுரங்கம் அவர் முகத்துக்கு நேரே சொல்லுவான். துரை புரியாமல் சேர்ந்து சிரிப்பார்.

நல்லவர் என்று யாரும் நினைக்க வேண்டாம். அழுகை வரவில்லை என்று கதாநாயகியின் கன்னத்தில் அறைந்தவர். ஈயத்தாள் ஒட்டிய பலகைகளால் வெயிலை முகத்தில் அடித்து அடித்து, துணை நடிகர்கள் பாதிப்பேர் கண்ணில் எண்ணெய்த் துணி கட்டிக்கொண்டு படுக்கிறார்கள். பொன்னுரங்கத்தின் உடல் பாயில் கிடந்த அதே ஞாயிற்றுக்கிழமை, இருட்டறைக்குள் போய் அந்தக் காட்சியின் பிலிமைக் கழுவி எடுத்தார். மனிதன் செய்கிற வேலையா?

முதலில் தண்ணீரில் குதித்ததும் அவர்தான், ஷூவோடு. பொன்னுரங்கத்தைப் புரட்டிப் போட்டு வாயில் வாய் வைத்து ஊதினார். எல்லாரும் பார்க்கும்படி.

நாளை மறுநாள் விசாரணை. துரைமேல் தப்பு என்று எழுதிவிட்டால் முதலாளி அவருக்காகச் சர்க்காருக்கு எழுதிக் கொடுத்த ஜாமீனைத் திரும்பப் பெற்றுக்கொள்வார். ஜாமீன் இல்லாமல் துரை இந்த நாட்டில் இருக்க முடியாது. திரும்பிப் போகவும் அவருக்கு நாடு இல்லை. போன மாதம்தான் ஜெர்மனிக்காரன் ஆஸ்திரியாவை விழுங்கினான். யூதர்களை வீதியில் முழங்காலிட வைத்துக் கல்லைத் தேய்க்கச் சொல்கிறார்களாம். காபி குடிக்கும்போது என்னிடம் சொன்னார். 

நாடு இல்லாதவர்கள் நாங்களும்தான். எங்களுக்கு யார் ஜாமீன்?

ஏப்ரல் 7

ஸ்டூடியோ வேப்பமரத்தடியில் விசாரணை. சப் இன்ஸ்பெக்டர், முன்சீப், பஞ்சாயத்தார் ஐந்து பேர். சப் இன்ஸ்பெக்டருக்கு ஆங்கிலம் கொஞ்சம் வரும். ஆனால் துரையின் ஆங்கிலம் வேறு. இரண்டு வார்த்தை கேட்டுவிட்டு, "இது என்னுங் தம்பி, கூழாங்கல்லை வாயில போட்டுட்டுப் பேசறாப்பல இருக்குது? நீயே கேட்டுச் சொல்லு" என்றார்.

கதாநாயகி அழுதாள். பாடும்போது கண்ணை மூடிக்கொள்வாளாம். பாட்டைப் பதிவு செய்யும் சவுண்டு வண்டிச் சேஷகிரி, "நான் வண்டிக்குள்ளே இருந்தேன். காதுலே குழல். பாட்டுத்தான் கேட்டது" என்றார்.

பிறகு துரை.

"கைய எப்பொ எறக்குனாருன்னு கேளு."

கேட்டேன். துரை நீளமாகப் பேசினார். எழுந்து நின்று பேசினார். இடது கையை உயர்த்திக் காட்டினார், இறக்கிக் காட்டினார். என் பக்கம் விரலை நீட்டி நீட்டிப் பேசினார். நெற்றியிலிருந்து வியர்வை சொட்டியது.

"என்ன சொல்றாரு?"

"வெளிச்சம் அருமையாக இருந்ததாம். விட மனம் வரவில்லையாம்."

பஞ்சாயத்தாரில் பெரியவர் ஒருவர் வெற்றிலையைத் துப்பினார். "வெளிச்சத்துக்கு ஒரு உசுருங்களா? நாசமாப் போறவன்."

துரை என்னைப் பார்த்தார். "குரு, நான் பேசியது அவ்வளவு. தமிழில் இவ்வளவுதானா?"

"தமிழ் சுருக்கமான மொழி" என்றேன்.

வெளிச்சத்தைப் பற்றி அவர் சொல்லவில்லை என்று யாரும் சொல்ல முடியாது. நாள் முழுக்க அவர் வெளிச்சத்தைப் பற்றித்தான் பேசுவார். மொழிபெயர்ப்பு என்பது வார்த்தைக்கு வார்த்தை அல்ல. சாரம்தான் முக்கியம்.

ஏப்ரல் 8

சாப்பாட்டில் கல். கடைவாய்ப் பல் வலிக்கிறது.

ஏப்ரல் 11

பொன்னுரங்கத்தின் மனைவி குருவம்மாள் ஊருக்குப் போகவில்லை. மதுரைப் பக்கம் அவளுக்கென்று யாரும் இல்லையாம். கம்பெனி உடைகளைத் தைப்பதும் வெளுப்பதும் அவள் வேலை. புருஷன் செத்த எட்டாம் நாள் துவைக்கிற கல்லுக்கு வந்துவிட்டாள். வராவிட்டால் முதலாளி வேறு ஆளைப் போடுவார். இதுதான் கலை. இதற்குத்தான் பத்திரிகைக்காரன் வானளாவ எழுதுகிறான்.

என்னைப் பார்த்ததும் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

"திரைக்காரரே, ஒண்ணு கேக்கவா?"

அந்தப் பெயர் எனக்குப் பிடிக்காது. அவளுக்கு அது தெரியாது.

"அவரு வீட்டுல சொல்லிச் சிரிப்பாரு. 'படத்துல நான் செத்தா ஒருத்தர் திரைன்னு சொல்லணும் புள்ள, அப்பத்தான் எந்திரிப்பேன்'னு. அன்னைக்கு அந்த வார்த்தய யாரு சொல்லணும்?"

"துரை கையை இறக்கினால் நான் சொல்ல வேண்டும். அவர் இறக்கவில்லை."

"இறக்கவே இல்லையா?"

"இல்லை."

தலையை ஆட்டிவிட்டுத் துணியை எடுத்து அடித்தாள்.

ஏப்ரல் 12

துரை குருவம்மாளிடம் பேச வேண்டும் என்று என்னை இழுத்துக்கொண்டு போனார். ஒரு படம் வரைந்து வைத்திருந்தார், கரிக்கோலில். பொன்னுரங்கம். கிரீடம் இல்லை, மீசை இல்லை, அரிதாரம் இல்லை. வெறும் முகம். நானே அவனை அப்படிப் பார்த்ததில்லை.

அவள் அதை வாங்கி, ஈரக் கை படாமல் முழங்கைகளுக்கு இடையில் பிடித்துக்கொண்டாள். துரை பேசினார். மெதுவாக, அவள் முகத்தைப் பார்த்து, ஒவ்வொரு வார்த்தையாக. புரிந்துவிடும் என்று நினைத்தார்போல.

"மன்னித்துக்கொள்ளச் சொல்கிறார்" என்றேன்.

"ஒங்க பேரச் சொன்னாரே?"

"எந்த உதவி வேண்டுமானாலும் என்னைக் கேட்கச் சொல்கிறார்."

அவள் துரையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், மறுபடி துரையைப் பார்த்தாள். துரை தலையை இடமும் வலமுமாக ஆட்டினார். வெள்ளைக்காரன் தலையாட்டுவதை யார் கண்டது!

பிறகு அவளிடம், "கொன்றவன் வரைந்த படத்தை வைத்துக்கொள்வாயா?" என்று கேட்டேன்.

"கண்ணு அவரு கண்ணுதான்" என்றாள்.

ஏப்ரல் 18

பாக்கிக் காட்சிகளுக்கு டூப் கிடைத்துவிட்டான். ஈரோட்டுப் பக்கம் கூத்தாடி. முதுகைக் காட்டி நடந்தால் பொன்னுரங்கம்தான். ஆனால் தோள் ஒல்லி. பொன்னுரங்கம் குளத்தில் போட்டிருந்த தகரக் கவசம் அவன்மேல் தொங்கியது. புதிதாகச் செய்ய முதலாளி ஒத்துக்கொள்ளவில்லை. "அதைத்தாம் போடோணும். உள்ள துணி வெச்சுப் புடிச்சுத் தைக்கச் சொல்லு" என்றார்.

தைத்தது குருவம்மாள். டூப் கையைத் தூக்கிக்கொண்டு நின்றான். குளத்துப் பாசி தகர மடிப்புகளில் காய்ந்திருந்தது. அவள் அதை நகத்தால் சுரண்டி எடுத்துவிட்டு ஊசியைக் கோத்தாள். முதலாளியைச் சுட வேண்டும். நிஜமாகச் சொல்கிறேன்.

ஏப்ரல் 19

பொன்னுரங்கத்தைப் பற்றி எல்லாரும் தேவன்போலப் பேசுகிறார்கள். செத்தவனுக்கு ஒரு விலை ஏறிவிடுகிறது.

திரைக்காரர் என்று என்னைக் கூப்பிட ஆரம்பித்தது அவன்தான். நாடகக் கம்பெனியில் திரை இழுக்கிறவன் என்றால் கடைசிப் பந்தியில் சாப்பிடுகிறவன். சமையல்காரனுக்கும் கீழே. நான் கல்லூரியில் ஷேக்ஸ்பியர் படித்தவன். டைரக்ஷன் கற்கவே இங்கே வந்தேன். ஒரே மாதத்தில் லைட்டுக்காரன் முதல் தோட்டக்காரன் வரை "திரைக்காரரே". பொன்னுரங்கம் ஜாதி பார்க்கமாட்டான், பணக்காரன் ஏழை பார்க்கமாட்டான். எல்லாரையும் ஒரே மாதிரி மட்டம் தட்டுவான். அதைச் சமத்துவம் என்று சொன்னார்கள்.

அன்று காலையும் தண்ணீரில் இறங்கும்போது கதாநாயகி, ஆர்மோனியக்காரர், எல்லாரையும் வைத்துக்கொண்டு சொன்னான்: "என் உசுரு இப்பத் திரைக்காரரு வாயில இருக்கு. ஒத்த வார்த்தைக்கிச் சம்பளம் வாங்குற ஒரே மனுசன் இவருதான்யா. வெத்தலயக் கித்தலயப் போட்டுறாதிக சாமி, நான் காலி!"

கரையே சிரித்தது. நானும் சிரித்தேன்.

ஏப்ரல் 26

முதலாளி கூப்பிட்டார். ஊஞ்சலில் உட்கார்ந்திருந்தார். எனக்கு நாற்காலி போடச் சொன்னார், முதல் தடவையாக.

"தொரைக்கு எளுதிக் குடுத்த சாமீனத் திருப்பி வாங்கிட்டேன். படத்துல அவன்ற பேரு வந்துச்சுன்னா போலீசு, பத்திரிகைன்னு ஒரே ரோதனை. மிச்சத்த நீ முடிச்சுப்போடு. டைரக்ஷன்னு உன்ற பேரப் போட்டுக்க."

"துரை எங்கே போவார்?" என்று கேட்டேன். கேட்டேன் என்று இங்கே எழுதி வைக்கிறேன்.

"அவன் போற எடத்துக்கு நானா டிக்கெட் எடுக்கோணும்? வந்தவனுக்குப் போகத் தெரியாதா?"

அப்பாவுக்குக் கடிதம் எழுதினேன். டைரக்டர் ஆகிவிட்டேன் என்று.

மே 14

துரையை ரயிலேற்றப் போனேன். கம்பெனியிலிருந்து வேறு யாரும் வரவில்லை. பம்பாயில் கப்பல், இத்தாலியில் ட்ரியஸ்ட் துறைமுகத்தில் இறக்கிவிடுமாம். அங்கிருந்து வியன்னா பக்கம்தான்.

தோள்வார் ஒருபக்கம் அறுந்து, கயிறு போட்டுக் கட்டியிருந்தார். எட்டுக் கை இருந்தும் அதைத் தைத்துக்கொள்ளவில்லை. பெட்டிக்குள் தூரிகைகள், கத்திரி, ஒட்டுத் தாடி ஒன்று. தாடியை எடுத்துக் காட்டி, "எல்லையில் இதை ஒட்டிக்கொண்டு யூதப் பெரியவர்போல நிற்கக் கூடாது, இல்லையா?" என்று சிரித்தார். நான் சிரிக்கவில்லை.

பிறகு ஜன்னல் வழியாக என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். ஒரு வரி போதும் என்றார். ஆங்கிலத்தில், என் கையெழுத்தில் ஒரே ஒரு வரி. பம்பாயில் யூத சங்கத்து ஆட்கள் இருக்கிறார்கள், வேறு ஜாமீனுக்கு முயற்சி செய்வார்கள், இந்த மரணம் மட்டும்தான் தடை. "நான் கையை இறக்கினேன். உன்னைக் கூப்பிட்டேன். அதை மட்டும் எழுது. ஏன் என்று நான் கேட்கவில்லை, குரு. ஏன் என்று ஒருநாளும் கேட்கமாட்டேன்."

ரயில் கிளம்பும் நேரம். பேனா கொண்டுவரவில்லை என்றேன். தன் பேனாவை நீட்டினார். ரயில் நகர்ந்தது. கையை விட்டுவிட்டார்.

அவர் வெள்ளைக்காரர். எங்காவது பிழைத்துக்கொள்வார். வெள்ளைத் தோலுக்கு உலகம் முழுக்க நாற்காலி உண்டு.

வரும் வழியில் செருப்பு வார் அறுந்தது.

மே 15

பேனா என் சட்டைப் பையில் இருக்கிறது. எப்படி வந்தது என்று தெரியவில்லை.

ஜூன் 21

படத்தை வெட்டி ஒட்டிக்கொண்டிருக்கிறேன். ஃபெல்ட் இதை விரலாலேயே செய்வார், பிலிமை வெளிச்சத்தில் பிடித்து, உதட்டில் வைத்து எது பசைப்பக்கம் என்று பார்த்து. எனக்கு வரவில்லை. உதடு வெந்ததுதான் மிச்சம்.

குளத்துக் காட்சி வந்தது. சேஷகிரி ஒலியை ஓட்டினார். கதாநாயகியின் குரல் தேன். முதலடி முடிகிறது. அதன்மேல் இன்னொரு குரல் விழுந்திருக்கிறது. கேமராவுக்குப் பக்கத்திலிருந்து.

"கேக்கறதோ?" என்றார் சேஷகிரி.

"எது?"

அவர் என்னைப் பார்த்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஒண்ணுமில்லே."

மறுபடி ஓட்டினார். மூன்று இடத்தில் விழுந்திருந்தது. மூன்றாவது இடத்தில் கத்தல். பாட்டுக்கு அது தேவையில்லை. அந்த மூன்று துண்டையும் வெட்டிவிட்டு, ஆர்மோனியத்தை மட்டும் தனியாக வாசிக்கச் செய்து ஒட்டினோம். யாருக்கும் தெரியாது.

சேஷகிரிக்கு அடுத்த படத்திலும் வேலை உண்டு என்று முதலாளியிடம் பேசி வைத்திருக்கிறேன். குடும்பஸ்தர்.

ஜூன் 22

ஒருவன் நம்மை அவமானப்படுத்தியிருக்கிறான். அவன் தண்ணீரில் கிடக்கிறான். கொஞ்சம் கிடக்கட்டுமே என்று எந்த மனிதனுக்கும் ஒரு கணம் தோன்றலாம். தோன்றுவது குற்றமில்லை. பொன்னுரங்கம் முந்தின நாள் ஒத்திகையிலும் மூச்சை அடக்கிக் கிடந்து எல்லாரையும் பதற வைத்துவிட்டு, எழுந்து "ஏமாந்தீகளா?" என்று சிரித்தவன். எவனும் அப்படித்தான் நினைத்திருப்பான்.

பொதுவாகச் சொல்கிறேன்.

செப்டம்பர் 30

தீபாவளிக்கு வெளியீடு. நோட்டீஸ் வாசகம் நான் எழுதினேன்: "ராஜபார்ட் பொன்னுரங்கம் உயிரைக் கொடுத்து நடித்த கடைசிக் காட்சி! காணத் தவறாதீர்!" முதலாளி "கொடுத்து" என்பதைப் பெரிய எழுத்தாகப் போடச் சொன்னார்.

அக்டோபர் 22, சனி. தீபாவளி

முதல் ஆட்டம். கொட்டகைக்கு வெளியே வாழைமரம், நாதஸ்வரம். திரையில் என் பெயர் வந்தது. டைரக்ஷன்: எஸ். சிவகுருநாதன். இரண்டு வினாடி நின்றது. ஃபெல்டின் பெயர் எங்கும் இல்லை. அவர் வரைந்த செட்டு, அவர் ஒட்டிய தாடி, அவர் பிடித்த வெளிச்சம் எல்லாம் இருந்தன.

குருவம்மாளை முதலாளி காரில் அழைத்து வந்திருந்தார். பத்திரிகைக்காரர்கள் பார்க்க வேண்டும் என்று. பெண்கள் பக்கம் முன் வரிசைப் பெஞ்சில் உட்கார வைத்தார்கள். அவள் படத்தையே பார்க்காமல் மடியில் கையை வைத்துக்கொண்டிருந்தாள்.

குளத்துக் காட்சி வந்தது. கொட்டகை அடங்கியது. தண்ணீரில் அந்தத் தகரக் கவசம் மின்னியது. ஃபெல்ட் சொன்னது சரி, அப்படி ஒரு வெளிச்சத்தை நான் எந்தப் படத்திலும் பார்த்ததில்லை. பாட்டு முடிந்ததும் தரை டிக்கெட்டிலிருந்து சத்தம் கிளம்பியது. "ஒன்ஸ்மோர்! ஒன்ஸ்மோர்!" விசில். நாடகத்தில் பழகிய ஜனங்கள், சினிமாவுக்கும் அதையே கேட்கிறார்கள். முதலாளி பின்னால் திரும்பிக் கையைக் காட்டினார். ஆப்பரேட்டர் விளக்கைப் போட்டு, பிலிமைச் சுற்றி, மறுபடி ஓட்டினான்.

பொன்னுரங்கம் மறுபடி தண்ணீரில் கிடந்தான்.

குருவம்மாள் எழுந்து நின்றாள்.

"ஏய், உக்காரு! மறைக்குது!" என்றார்கள். அவள் திரைக்குப் பக்கத்தில் போனாள். அவள் நிழல் குளத்துப் படியில் விழுந்தது. இளவரசியின் மடியில் விழுந்தது.

"எந்திரிக்க மாட்டாருய்யா" என்றாள் ஜனங்களைப் பார்த்து, சாதாரணமாக, ஏதோ விவரம் சொல்வதுபோல. "அவருக்கு வார்த்த சொல்லணும். சொல்லாம எந்திரிக்க மாட்டாரு."

யாரோ சிரித்தார்கள். யாரோ "பாவம், சம்சாரம்" என்றார்கள். பெண்கள் பக்கம் அழுகை எழுந்தது. முதலாளி என் காதில், "நாளைக்கி எல்லாப் பேப்பர்லயும் வரும் பாரு" என்றார்.

அவள் கண்ணுக்குமேல் கையை வைத்து, மெஷின் வெளிச்சத்துக்கு எதிராகப் பார்த்து, சோபா வரிசையில் என்னைத் தேடினாள். கண்டுபிடித்தாள். கையைக் கூப்பினாள்.

"திரைக்காரரே."

எல்லாத் தலையும் திரும்பியது. பாட்டில் முதலடி முடிந்தது. ஆர்மோனியம் மட்டும் ஒலிக்கிற அந்த இடம் வந்தது.

"இங்கதானே சொல்லணும்? அந்தத் தொரை ஒங்க பேரச் சொன்னாரே, இங்கதானே?"

முதலாளி என் தொடையில் கையை வைத்து அழுத்தினார். இருட்டில் சேஷகிரி எழுந்து வெளியே போவது தெரிந்தது.  என் வாயில் வெற்றிலை இல்லை. எதுவும் இல்லை.

"கோபம் இல்ல சாமி. ஒத்த வார்த்ததான். இப்பவாச்சும் சொல்லுங்க."